நல்ல நாளும் கதிரையும்

என் மகள் டொக்டர். இதை முதலில் எழுதிவிடுகிறேன். ஏனென்றால் இப்போது அவளைப் பற்றிப் பேசுகிறவர்கள் யாரும் இதைச் சொல்வதில்லை. "அந்த வீல்செயார் பிள்ளை" என்கிறார்கள். இல்லாவிட்டால் "பொண்டிலிருந்து கழன்ற பிள்ளை" என்கிறார்கள். இரண்டும் நான் வைத்த பெயரில்லை.

பொண்ட் என்றால் என்னவென்று இங்கே லண்டனில் பிறந்த பிள்ளைகளுக்குத் தெரியாது, அதனால் சொல்கிறேன். எங்கள் நாட்டில் அரசாங்கம் காசு வாங்காமல் டொக்டருக்குப் படிப்பிக்கும். பிறகு மேற்படிப்பு என்று சம்பளத்தோடு லீவு கொடுத்து வெளிநாட்டுக்கும் அனுப்பும். அனுப்புவதற்கு முன் கையெழுத்து வாங்கிக்கொள்ளும். திரும்பி வருவேன், வந்து அரசாங்க ஆஸ்பத்திரியில் சொன்ன காலம் வேலை செய்வேன், வராவிட்டால் எனக்குப் பிணை நிற்கிறவர் பொறுப்பு என்று. என் மகளுக்குப் பிணை நின்றவன் என் தம்பி. மன்னாரில் பள்ளிக்கூட அதிபராக இருந்தவன். "என்ர மருமகளுக்கு நான் நிக்காமல் ஆர் நிக்கிறது?" என்று வாசிக்காமலே கையெழுத்துப் போட்டான். அன்றைக்கு எனக்கு அவன் மேல் எவ்வளவு பெருமை.

நான் அதற்கு முன்பே மகனோடு லண்டனுக்கு வந்துவிட்டேன். மனோர் பார்க்கில் மகன் வாங்கிய வீட்டில் பின்னறை எனக்கு. மகள் வந்தபோது அதே அறையில் இன்னொரு கட்டில் போட்டோம். பெட்டியை அவள் அலுமாரிக்கு மேலே ஏற்றவில்லை, கட்டிலுக்குக் கீழேயே வைத்தாள். "கொஞ்சக் காலம்தானே அம்மா" என்றாள். மன்னார் ஆஸ்பத்திரியில் குழந்தைப் பிள்ளைகளின் வாட்டில் அவளுக்கு ஒரு மேசை இருந்தது. தான் திரும்பி வரும்வரை அந்த மேசையில் யாரையும் கீறல் போட விடவேண்டாம் என்று நேர்ஸிடம் சொல்லிவிட்டு வந்தவள் அவள். மற்றவர்களின் பிள்ளைகள் வந்த கையோடு இங்கே நிற்பதற்கு வழி தேடினார்கள். இவள் தேடவில்லை. அதிலும் எனக்குப் பெருமைதான்.

வந்த அடுத்த மாரிக் குளிருக்குள் காலில் தொடங்கியது. பஸ்ஸின் மேல்தட்டிலிருந்து இறங்கும்போது விழுந்தாள். படி ஈரம் என்றாள். பிறகு ஒரு கண் மங்கியது. வேலை கூட என்றாள். டொக்டர்மார் தங்கள் நோயைத் தாங்கள் கண்டுபிடிப்பதில்லை, மற்றவர்களின் வருத்தத்தைத்தான் கண்டுபிடிப்பார்கள். கடைசியில் அவள் வேலை செய்த ஆஸ்பத்திரியிலேயே ஸ்கான் எடுத்துச் சொன்னார்கள். நரம்புக்கு மேலே இருக்கிற உறையைத் தன்னுடைய உடம்பே தின்னுகிற நோய். தீராது. மருந்து மெதுவாக்கும், அவ்வளவுதான்.

இந்த நோய்க்கு ஒரு குணம் இருக்கிறது. வரும், போகும். இன்றைக்குக் கரண்டி பிடிக்க ஏலாது, இரண்டு கிழமை கழித்துக் கறி காய்ச்சுவாள். கெட்ட நாளில் அவள் வீட்டுக்குள்ளே கிடப்பாள், ஒருவரும் காணமாட்டார்கள். நல்ல நாளில்தான் வெளியே போவாள், எல்லோரும் காண்பார்கள். அவள் பெயர் கெட்டது இந்த நல்ல நாட்களால்தான்.

ஆஸ்பத்திரிக்காரர் பயிற்சியை நிறுத்தினார்கள். லீவும் முடிந்தது. ஊரில் இருக்கிற சுகாதார அலுவலகம், அந்தக் கந்தோர், கேட்கத் தொடங்கியது: வந்து வேலையைப் பொறுப்பெடு, இல்லாவிட்டால் பிணையாளியிடம் போவோம். ஒரு வழிதான் இருந்தது. மெடிக்கல் போர்ட் பார்த்து, இந்த ஆள் இனி அரசாங்க வேலைக்கு உடல்நலத் தகுதி இல்லாதவர், அன்பிட், என்று சொன்னால் பொண்ட் விழுந்துவிடும். தம்பியும் தப்பிவிடுவான். அவன் அப்போதுதான் ஓய்வு எடுத்திருந்தான். பென்சனில் கை வைப்பார்கள் என்று அவனுக்குப் பயம்.

குசினி மேசையில் இருந்து மகன் இதைச் சொன்னான். மகள் தேத்தண்ணியைக் குடிக்காமல் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அன்பிட் எண்டு எழுதினா அது பொண்டுக்கு மட்டுமில்லை அண்ணா. அங்கை அன்பிட் எண்டா இஞ்சையும் அன்பிட். பிறகு நான் டொக்டரில்லை."

"இப்ப மட்டும் நீ என்ன செய்யிறாய்? அம்மாவுக்குப் பிரஷர் பாக்கிறாய்."

"அதையெண்டாலும் பாக்கிறன்தானே."

"மாமாவை யோசி. கிழவனை வயசான காலத்தில கந்தோர் கந்தோரா அலைய விடப்போறியே?"

அவள் என்னைப் பார்த்தாள். என் பிள்ளை நலமில்லாதவள் என்று ஒரு அரசாங்கம் முத்திரை குத்துவதற்கு நான் சம்மதம் சொல்ல வேண்டும். என் தம்பி பிணையில் கிடந்து சாகட்டும் என்றும் சொல்ல ஏலாது. நான் எழும்பிப் போய்க் கோப்பைகளைக் கழுவினேன். இரண்டு நாள் கழித்து அவளே சம்மதித்தாள். மாமாவுக்காக என்றாள்.

முதல் தடவை போர்ட்டுக்குப் போனதைச் சொல்ல வேண்டும். சென்ரல் லண்டனில் ஒரு தனியார் கிளினிக். எங்கள் நாட்டிலே பெரிய டொக்டராக இருந்து ஓய்வு எடுத்து இங்கே வந்திருக்கிற ஒருவர் பார்த்துப் போர்ட்டுக்கு அறிக்கை கொடுக்க வேண்டும் என்று கந்தோர் ஒழுங்கு செய்திருந்தது. அன்று அவளுக்குச் சுமாரான நாள். விடியவே எழும்பித் தலைக்குக் குளித்து, பின்னல் போட்டு, கஞ்சி போட்ட பருத்திச் சேலையை உடுத்தாள். பெரியவர் ஒருவரைப் பார்க்கப் போகும்போது எங்கள் பிள்ளைகள் அப்படித்தான் போவார்கள். செத்த வீட்டுக்குப் போகிற கோலத்தில் போகமாட்டார்கள். மகனுக்கும் அது பிழையாகத் தெரியவில்லை.

என்னையும் உள்ளே இருக்க விட்டார்கள். அவள் ஊன்றுதடியைக் கதிரையில் சாய்த்து வைத்துவிட்டு இருந்தாள். கதவு திறந்தது. தலை முழுக்க நரைத்த, கோட்டுப் போட்ட மனிதர் உள்ளே வந்தார். என் மகள் எழும்பினாள்.

தடியைத் தொடவில்லை. கதிரையைப் பிடிக்கவில்லை. பள்ளிக்கூடத்தில் கொடியேற்றும்போது நிற்பதுபோல நேராக நின்று, கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு, "குட் மோர்னிங் சேர்" என்றாள்.

எங்கள் நாட்டு ஆஸ்பத்திரியில் படித்தவர்களுக்கு இது விளங்கும். பெரிய டொக்டர் வாட்டுக்குள் கால் வைத்தால் சின்ன டொக்டர்மார் கதிரையில் இருக்கமாட்டார்கள். இரவு முழுக்க விழித்தவளும் எழும்புவாள், காய்ச்சலில் நடுங்குகிறவளும் எழும்புவாள். சேர் நிற்க இவள் இருந்தது கிடையாது. கால் ஏலாத பிள்ளை அன்றைக்கு எங்கிருந்து எழும்பினாள் என்று எனக்குத் தெரியாது. அந்தப் பழக்கம்தான் அவளைத் தூக்கி நிறுத்தியது.

அவர் "எப்படி இருக்கிறீர்கள்?" என்று இங்கிலீஷில் கேட்டார். இவள் "பைன் சேர்" என்றாள். எங்கே படித்தாய், யாரிடம் படித்தாய் என்று கேட்டார். அவரும் அதே பேராசிரியரிடம் படித்தவராம். இரண்டு பேரும் அந்த மனிதனின் கோபத்தைப் பற்றிச் சொல்லிச் சிரித்தார்கள். பிறகு வருத்தத்தைச் சொல்லச் சொன்னார். இவள் சொன்னாள். எனக்கு இங்கிலீஷ் கொஞ்சம்தான், ஆனாலும் அவள் "நான்" என்று ஒரு இடத்திலும் சொல்லவில்லை என்பது விளங்கியது. "இந்த நோயாளி, முப்பது வயது தாண்டிய பெண்" என்று தொடங்கி, வாட்டில் அடுத்த கட்டிலில் கிடக்கிற யாரோ ஒருத்தியைப் பற்றிச் சொல்வதுபோல, எப்போது தொடங்கியது, எந்தப் பக்கம், ஸ்கானில் என்ன என்று தடங்கலில்லாமல் சொல்லி முடித்தாள். அவர் தலையை ஆட்டி ஆட்டிக் கேட்டார். "வெரி குட்" என்றார். அவள் முகம் அப்படி மலர்ந்தது. பரீட்சை பாஸ் பண்ணிய முகம்.

பாஸ்தான் பண்ணினாள். நன்றாக உடுத்தியிருக்கிறார், துணையில்லாமல் நிற்கிறார், தெளிவாகப் பேசுகிறார், இலேசான வேலைக்குத் தகுதியுள்ளவர் என்று அறிக்கை போனது. வந்து வேலையைப் பொறுப்பெடு என்று கந்தோர் சொல்லிவிட்டது.

மகன் தலையில் கை வைத்தான். "நீ என்ன இன்டர்வியூவுக்கே போனனி?"

"சேர் வரேக்கை எப்பிடி அண்ணா இருக்கிறது?"

"சேராம் சேர்! கால் ஏலாதெண்டு சொல்லப் போய், காலிலை நிண்டு சொல்லியிருக்கிறாள்."

ஆனால் மகளுக்கு உள்ளுக்குள் சந்தோசம். எனக்கு அது தெரியும். இலேசான வேலை தருவார்கள் அம்மா, மேசையில் இருந்தே பார்க்கலாம், போவம் என்றாள். பெட்டியை இழுத்துத் தூசு தட்டினாள். அங்கே இலேசான வேலை என்று ஒன்று எங்கே இருக்கிறது? ஒரு வாட், ஒரு டொக்டர், வெளியே வெயிலில் பிள்ளைகளைத் தோளில் போட்டுக்கொண்டு நிற்கிற தாய்மார். இதை நான் அவளுக்குச் சொல்லவில்லை. அந்த நாட்களில் அவள் நன்றாகச் சாப்பிட்டாள், நன்றாக நடந்தாள். ஊருக்குப் போக உடுப்பு வாங்கவேண்டும் என்று ஈஸ்ட் ஹாமுக்குத் தனியாகப் பஸ்ஸில் போய் வந்தாள்.

அங்கே எங்கள் பங்குக் கோவிலைச் சேர்ந்த ஒருத்தி கண்டிருக்கிறாள். பூசைக்கு எங்களுக்கு முன்னால் இருக்கிற பெஞ்சில், முன்வாங்கில், இருக்கிறவள், வாய் நல்லது, காது அதைவிட நல்லது. அவள் யாருக்குச் சொன்னாளோ, அது எங்கள் காதுக்கு வருமுன்னமே மன்னாருக்குப் போய்ச் சேர்ந்தது. தம்பி போன் எடுத்தான்.

"அக்கா, பிள்ளை ரெண்டு கையிலையும் பையோடை பஸ் ஏறித் திரியிறாளாம்."

"நல்ல நாளிலை நடப்பாளடா. அந்த வருத்தம் அப்பிடி."

"அதென்ன வருத்தம் அக்கா, சோப்பிங்குக்கு விட்டுக்குடுக்கிற வருத்தம்?"

"நீ அவளைத் தூக்கி வளத்தனி. அவளைப் பற்றியோ இப்பிடிக் கதைக்கிறாய்?"

"நான் ஒண்டும் சொல்லேல்லை. நடிக்கிறதெண்டா வடிவா நடிக்கச் சொல்லுங்கோ. எனக்கெல்லோ இஞ்சை கழுத்திலை கயிறு."

போனை வைத்த பிறகு நான் அவளிடம் ஒன்றும் சொல்லவில்லை. ஆனால் அவள் அறைக்குள் இருந்து கேட்டிருக்கிறாள். எங்கள் வீட்டுச் சுவர் அவ்வளவுதான்.

அந்தச் சந்தோசம் மாதம் முடியுமுன்னே போனது. ஒரு காலை எழும்பியபோது ஒரு கண்ணில் ஒன்றும் தெரியவில்லை. இரண்டு காலும் வேறு யாருடையதோபோலக் கிடந்தன. அம்புலன்ஸில் கொண்டுபோனோம். திரும்பி வந்தபோது வீல்செயாரும் கூட வந்தது. பார்வை பாதி திரும்பியது, கைக்குக் கொஞ்சம் பலம் திரும்பியது, காலுக்கு இன்னும் கொஞ்சம். பெட்டியைத் தானே காலால் கட்டிலுக்குக் கீழே தள்ளிவிட்டு, "அண்ணாட்டைச் சொல்லுங்கோ, திரும்பப் போர்ட்டுக்குக் கேக்கச் சொல்லி" என்றாள்.

இப்போது வீட்டில் ஒரு கூத்து நடந்தது. உண்மையாகவே ஏலாத பிள்ளைக்கு, ஏலாதவள்போல இருக்கப் பழக்கினார்கள். ஒரு ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து வந்து முன்னறையில் மகன் கோட்டைப் போட்டுக்கொண்டு சேர் ஆனான். கதவைத் திறந்து உள்ளே வந்தான். மகள் கதிரையின் கைப்பிடியில் கையை ஊன்றினாள்.

"பாத்தியோ! எழும்பப் பாக்கிறாய்."

"கை தானாப் போகுதண்ணா."

"கையை மடியிலை வை. போர்வைக்குள்ளை வை. எப்பிடி இருக்கிறியள்?"

"பைன்..."

"ஐயோ கடவுளே!"

மகனின் மனைவி, என் மருமகள், சோபாவில் இருந்து விழுந்து விழுந்து சிரித்தாள். "மச்சாள், சேலை வேண்டாம். அந்தப் பழைய ட்ராக்சூட் காணும். தலையையும் சீவி இழுக்காதேங்கோ. நீங்கள் இழுத்தா நோர்மலாத் தெரியிறீங்கள்." அவள் கெட்டவள் இல்லை. எங்களில் எல்லோரையும்விட அவளுக்குத்தான் இந்த நாட்டு நடைமுறை தெரியும். ஆனால் அந்தச் சிரிப்பில் மகளும் சேர்ந்து சிரித்தாள் பாருங்கள், அதைத்தான் என்னால் பார்க்க முடியவில்லை. "திரும்ப வாங்கோ சேர், இந்த முறை சரியாச் செய்யிறன்" என்றாள். மகன் வெளியே போய்த் திரும்ப வந்தான். திரும்பத் திரும்ப வந்தான். கடைசியில் அவள் கை அசையவில்லை.

"அதுதான்!" என்று கை தட்டினான்.

அதே கிளினிக், அதே மனிதர். தலை இழுக்கவில்லை, ட்ராக்சூட் போட்டிருந்தாள். என் மகளை இந்தக் கோலத்தில் வெளியே கொண்டுபோவது அதுதான் முதல் தடவை. கதவு திறந்தது. அவர் உள்ளே வந்து, கதவடியில் ஒரு கணம் நின்றார். எதையோ எதிர்பார்த்து நின்றதுபோல எனக்குப் பட்டது. அவள் எழும்பவில்லை. போர்வைக்குக் கீழே இரண்டு கைகளும் ஒன்றையொன்று பிடித்து முறுக்குவது போர்வைக்கு மேலாலேயே தெரிந்தது. தலையைக் குனிந்துகொண்டாள். குட் மோர்னிங் சொல்லவில்லை.

எழுதுகிறேன், எழுதித்தான் ஆகவேண்டும். அன்றைக்கு அவளால் எழும்பி நின்றிருக்க முடியும். அதிக நேரம் இல்லை, கொஞ்ச நேரம். ஒரு நாள் முழுக்க வாட்டில் வேலை செய்ய அவளால் ஏலாது, அது சத்தியம். ஒரு பெரியவருக்கு எழும்பி நிற்க ஏலும், அதுவும் சத்தியம். இரண்டாவது சத்தியத்தை மறைத்தால்தான் முதலாவதை நம்புவார்கள் என்றால் அவள் என்ன செய்வாள்?

அவர் கேட்ட கேள்விகளுக்கு மெதுவாகப் பதில் சொன்னாள். இந்தத் தடவை "நான்" என்றுதான் சொன்னாள். பேராசிரியர் கதை ஒன்றும் வரவில்லை. போகும்போது அவர் அவள் தோளில் தட்டினார். அவருக்கு விளங்கியதோ இல்லையோ எனக்குத் தெரியாது. வெளியே ரோட்டுக்கு வந்ததும், "சேர் என்னைப் பற்றி என்ன நினைச்சிருப்பார்?" என்று மட்டும் கேட்டாள்.

சில மாதத்தில் விடுதலை வந்தது. நிரந்தரமாகத் தகுதியற்றவர், பொண்டிலிருந்து விடுவிக்கப்படுகிறார், பிணையாளியும் விடுவிக்கப்படுகிறார். மகன் சத்தமாக வாசித்தான். மருமகள் சிலுவை போட்டுக்கொண்டாள். மகள், "சரி" என்றாள்.

தம்பி அன்றைக்கே போன் எடுத்தான். குரலில் இருபது வயது குறைந்திருந்தது.

"அக்கா, மாதா கைவிடேல்லை! நான் இண்டைக்குத்தான் வாய்க்கு ருசியாச் சாப்பிட்டனான்."

"சாப்பிடு."

"அது சரி, அந்தச் சேரிட்டை எப்பிடிக் கதைச்சனீங்கள்? என்ர பெடியனும் பொண்ட் வைச்செல்லோ பேர்மிங்ஹாமிலை படிக்கிறான். வாற வருசம் அவனும் திரும்ப வேணும். பிள்ளை இஞ்சை வந்து என்னத்தைக் காணப்போறான்?"

"அவனுக்கு என்ன வருத்தம்?"

"வருத்தமோ? ஒரு வருத்தமும் இல்லை. அதுதான் கேக்கிறன், எப்பிடிச் செய்தனீங்கள் எண்டு."

"முதல் அவன்ரை நரம்பு பழுதாகட்டும். கண் அவியட்டும். பிறகு அட்ரஸ் தாறன்."

ஒரு தாய் இன்னொரு தாயின் பிள்ளைக்குச் சொல்லக்கூடாத சொல். சொன்ன வாயை நான் இன்னும் கழுவவில்லை. அதற்குப் பிறகு தம்பி எனக்குப் போன் எடுப்பதில்லை, நானும் எடுப்பதில்லை.

மருமகள் நன்றிப் பூசைக்குக் கொடுத்துவிட்டாள். எங்களைக் கேட்கவில்லை, நேர்ந்திருந்தாளாம். எங்கள் வழக்கம் அது. கேட்டது கிடைத்தால் பூசை ஒப்புக்கொடுக்க வேண்டும். ஃபாதர் பீடத்தில் நின்று, வேலைப் பிணைப்பிலிருந்து விடுதலை பெற்ற சகோதரிக்காக இன்றைய பூசை நன்றியாக ஒப்புக்கொடுக்கப்படுகிறது என்று வாசித்தார். மகள் வீட்டில் நின்றுவிட்டாள், நான்தான் வாங்கில் இருந்தேன். என் பிள்ளை உதவாதவள் ஆனதற்கு நன்றி சொல்லி முழங்காலில் நின்றது சபை முழுவதும். நான் முழங்காலில் நிற்கவில்லை. முழங்கால் நோ என்று நினைத்திருப்பார்கள்.

பூசை முடியக் கோவில் ஹோலில் தேத்தண்ணியும் ரோல்ஸும். முன்வாங்குக்காரி ஓடி வந்து என் கையைப் பிடித்தாள்.

"அன்ரி, கேள்விப்பட்டம், மகள் தப்பிட்டா! நல்ல கெட்டிக்காரி."

"என்னத்திலை கெட்டிக்காரி?"

"சும்மா கேளாதேங்கோ அன்ரி. எங்களுக்குத் தெரியாதே?" என்று கண்ணடித்தாள்.

நம்பாதவர்களோடு சண்டை பிடிக்கலாம். பாராட்டுகிறவர்களோடு எப்படிச் சண்டை பிடிப்பது?

மகனுக்கு இப்போது ஒரே பயம். யாராவது கண்டு, யாராவது சொல்லி, கந்தோர் திரும்ப விசாரிக்கும், மாமாவைத் திரும்பப் பிடிக்கும் என்று. அதனால் நல்ல நாளிலும் அவள் வெளியே நடப்பதில்லை. அந்த வீல்செயார்க் கதிரையில்தான் போவாள், கதிரையில்தான் வருவாள். பொண்ட் இருந்த காலத்தில் அவள் தனியாக ஈஸ்ட் ஹாமுக்குப் போய் வந்தாள். பொண்ட் விழுந்த பிறகு தெருமுனைத் தபால்பெட்டி வரைக்கும் நடக்க முடியாது. நட பிள்ளை, வாறவன் வரட்டும், நான் பதில் சொல்கிறேன் என்று எத்தனையோ தரம் சொல்லிவிட்டேன். "மாமா பாவம் அம்மா" என்கிறாள். அவளை நடிக்கிறாள் என்று சொன்ன அதே மாமா.

போன கிழமை ஒரு நல்ல நாள். வீட்டில் நாங்கள் இரண்டு பேர்தான். அவள் அடுப்படியில் நின்று இறால் குழம்பு வைத்தாள். புளியை விட்டு, ருசி பார்த்து, வானொலியோடு சேர்ந்து வாய்க்குள் ஏதோ பாடினாள். நான் மேசையில் இருந்து அவள் முதுகைப் பார்த்துக்கொண்டிருந்தேன். நேரான முதுகு.

மணி அடித்தது. கதவுக் கண்ணாடியில் முன்வாங்குக்காரியின் சால்வை தெரிந்தது. மகள் கரண்டியை வைத்தாள், கையைத் துடைத்தாள், வீல்செயாரில் ஏறி இருந்து போர்வையைக் காலுக்கு மேல் போட்டுக்கொண்டாள். அவ்வளவையும் அவசரமில்லாமல் செய்தாள். பிறகு என்னைப் பார்த்துத் தலையை ஆட்டினாள். நான் கதவைத் திறந்தேன்.

"மகள் எப்பிடி அன்ரி?" என்று கேட்டுக்கொண்டே அவள் குசினிக்குள் வந்து இருந்துவிட்டாள்.

"அப்பிடியேதான் பிள்ளை. எழும்ப ஏலாது" என்றேன். அந்தச் சொல் என் வாயிலிருந்து வந்தது.

அவள் தன் மருமகனின் கதையைத் தொடங்கினாள். அவனும் டொக்டராம், அவனுக்கும் பொண்டாம். கதை நீண்டது. அடுப்பில் குழம்பு வற்றுகிற சத்தம் கேட்டது. மகள் அடுப்பைப் பார்த்தாள். கையை எட்டினால் திருகலாம், ஆனால் எழும்பி எட்டவேண்டும்.

"அம்மா, அடுப்பு" என்றாள் மெதுவாக.

என் முழங்கால் நோவோடு நான் மேசையைப் பிடித்து எழும்பி, சுற்றிப் போய் நிறுத்துவதற்குள் அடிப்பிடித்துவிட்டது. வீடு முழுக்கக் கருகல் மணம்.

"பாவம் அன்ரி," என்றாள் வந்தவள், மூக்கைச் சால்வையால் பொத்திக்கொண்டு. "இந்த வயசிலை நீங்கள்தானே எல்லாம்."

"ஓம் அக்கா," என்றாள் என் மகள். "அம்மாதான் எல்லாம்."